பழத்தைத் துளைக்கும் அந்துப்பூச்சி

சாத்துக்குடி, கமலா ஆரஞ்சு, மாதுளைத் தோட்டங்களில், பறிப்புக்குச் சில நாட்களே இருக்கும்போது நல்ல பழங்கள் உதிர்வதுண்டு. உதிர்ந்த பழத்தை உற்றுப் பார்த்தால் குண்டூசி குத்தியது போல் ஒரு துளை தெரியும். அழுத்தினால் சாறு கசியும். துளையைச் சுற்றித் தோல் பழுப்பாகி, நாளடைவில் பழம் அழுகும். பழ ஈ தாக்கிய பழத்தை அறுத்தால் உள்ளே புழுக்கள் நெளியும். இதில் புழு இராது. இது பழச்சாறு உறிஞ்சும் அந்துப்பூச்சியின் வேலையாகும்.

அடையாளம்

இறக்கையை விரித்தால் 8 முதல் 10 செ.மீ. அகலமிருக்கும் பெரிய பூச்சி இது. முன் இறக்கைகள் காய்ந்த இலையைப் போலிருக்கும். பின் இறக்கைகள் ஆரஞ்சு கலந்த மஞ்சள். அதில் கரிய திட்டும், ஓரத்தில் கரும் பட்டையும் உண்டு. பகலில் சருகோடு சருகாக மறைந்திருந்து, இருட்டிய பின் பழத்தைத் தேடி வரும். இதன் உறிஞ்சுகுழல் கெட்டியானது. நுனியில் முட்கள் உண்டு. அதனால் தடித்த தோலையும் துளைத்துவிடும். ஆப்பிரிக்கா, இந்தியா முதல் பசிபிக் தீவுகள் வரை இது பரவியுள்ளது. ஹவாய்த் தீவுகளில் 1985-ல் தென்பட்டது.

புழு வளருமிடம்

மற்ற பயிர்களில் புழுதான் சேதம் செய்யும். இங்கோ தாய் அந்துப்பூச்சியே எதிரி. புழு பழமரத்தை நாடுவதில்லை. வேலியிலும் புதரிலும் படரும் சீந்தில்கொடி, கட்டுக்கொடி ஆகியவற்றின் இலைகளையே தின்று வளரும். உடலின் இருபுறமும் கண்களைப் போன்ற பெரிய வட்டங்கள் இருக்கும். தொட்டால் தலையை மடக்கி, பின்புறத்தைத் தூக்கிக்கொள்ளும். முற்றிய புழு இலைகளை நூலால் பிணைத்து அதற்குள் கூட்டுப்புழுவாகும். ஆகவே மரத்தில் புழுவைத் தேடி மருந்தடிப்பது வீண். அறுவடைச் சமயத்தில் அடித்த மருந்து பழத்தில் தங்கி, உண்பவருக்கும் கேடாகும்.

செய்ய வேண்டியவை

* பழம் முற்றும் பருவத்துக்கு முன்பே தோட்டத்தைச் சுற்றியுள்ள இக்கொடிகளை வேரோடு அகற்ற வேண்டும். மருந்துக்காகச் சீந்தில் வளர்ப்போர் தோட்டத்துக்கு அப்பால் வளர்ப்பது நல்லது.

* பூச்சி வெகுதூரம் பறந்து வரக்கூடியது. ஒருவர் மட்டும் வேலியைச் சுத்தம் செய்தால் போதாது. அக்கம்பக்கத்தாரும் சேர்ந்து செய்ய வேண்டும்.

* மரங்கள் குறைவாக இருந்தால், நிறம் மாறத் தொடங்கும் பழங்களைக் காகிதப் பையாலோ, அடியில் துளையிட்ட பாலிதீன் பையாலோ மூடிக் கட்டலாம். இதுவே உறுதியான பாதுகாப்பு.

* மாலையில் தோட்டத்தில் புகை மூட்டம் போடலாம். இரவில் டார்ச் விளக்குடன் சென்று, பழத்தில் அமர்ந்துள்ள பூச்சிகளைப் பிடித்து அழிக்கலாம்.

* உதிர்ந்த பழங்களை அன்றாடம் பொறுக்கிக் குழியிலிட்டு மூட வேண்டும். புளித்த வாசனை மேலும் பூச்சிகளை அழைத்து வரும்.

பழம் நிறம் மாறுமுன் வேலியை ஒருமுறை சுற்றிப் பார்த்துக் கொடிகளை அகற்றுவதற்கு உடலுழைப்பைத் தவிர வேறு செலவில்லை.