தன் முதுகைத் தானே கிழித்து வெளியே வந்தவர்!

கண்ணாடியில தெரியிற முகம்தான் 'நான்' என்பதா? இந்தக் கேள்விய வச்சு ஒருத்தர் ஐந்து நிமிஷம்கூட ஓடாத ஒரு வீடியோ எடுத்திருக்கார். அவர் பெயர் பீட்டர் கேம்பஸ். 1937-ல் நியூயார்க்கில் பிறந்தவர். கல்லூரியில் படித்தது உளவியல். 1973-ல் பாஸ்டன் நகரத்து டபிள்யூ.ஜி.பி.எச். தொலைக்காட்சி நிலையத்தில் எடுத்த அந்த வீடியோவின் பெயர் 'மூன்று மாற்றங்கள்'. கதை கிடையாது, பாட்டு கிடையாது, நடிப்பதும் அவர் ஒருவரே.

முதலில் நமக்கு முதுகைக் காட்டி நிற்கிறார். திடீரென்று அந்த முதுகு கிழிகிறது! உள்ளேயிருந்து ஒரு கை, அப்புறம் தலை, கடைசியில் முழு ஆளும் வெளியே வருகிறார். வந்தவரும் அவரேதான். (இரத்தம் வராது, பயப்படாதீங்க.) ரகசியம் இதுதான்: நடுவில் ஒரு பெரிய காகிதத் திரை, இந்தப் பக்கம் ஒரு கேமரா, அந்தப் பக்கம் ஒரு கேமரா. இரண்டு படத்தையும் ஒன்றன்மேல் ஒன்றாகச் சேர்த்துவிட்டார்கள். அவர் கிழிப்பது காகிதத்தை. நமக்குத் தெரிவது முதுகு.

அடுத்ததுதான் எனக்கு ரொம்பப் பிடித்தது. 'குரோமா கீ' என்று ஒரு முறை உண்டு. படத்தில் நீலம் எங்கெல்லாம் இருக்கிறதோ, அதை எடுத்துவிட்டு அந்த இடத்தில் வேறு படத்தைக் கருவி வைத்துவிடும். டி.வி.யில் வானிலை சொல்பவருக்குப் பின்னால் மேகப் படம் வருவது இப்படித்தான். இதற்குப் பச்சையும் உதவும். மனிதத் தோலில் இந்த இரண்டு நிறமும் குறைவு என்பதால் ஆள் மட்டும் மறையமாட்டார். (நீல யூனிஃபார்மில் போய் நின்றால் நம்ம கதி? தலையும் கையும்தான் மிஞ்சும்!)

எல்லாரும் பின்னால் வைக்கிற நீலத்தை கேம்பஸ் தன் முகத்திலேயே பூசிக்கொண்டார். பூசப் பூச முகம் அழிகிறது. அடியில் வேறு யாரோ வரப்போறாங்கன்னு பார்த்தா, அங்கேயும் அவர் முகம்தான்! நம் சினிமா இரட்டை வேடத்தில் ஒருவர் நல்லவர், ஒருவர் கெட்டவர் என்று பிரித்துவிடலாம். இங்கே எது அசல், எது முகமூடி? பிரிக்கவே முடியாது.

மூன்றாவதில் கையில் ஒரு காகிதம் பிடித்திருக்கிறார். அதுவும் நீலம் என்பதால் அதில் அவர் முகமே உயிரோடு தெரிகிறது. அதற்குத் தீ வைக்கிறார். காகிதம் சுருண்டு கருகுது. அந்த முகம் கத்தவுமில்லை, அழவுமில்லை, சும்மா பார்த்துக்கிட்டே இருக்கு. தீ வைத்தவரும் நிதானமாகப் பார்த்துக்கொண்டிருக்கிறார்.

எரிந்தது யார்? உங்களுக்குத் தோன்றுவதை ஒரு தாளில் எழுதி ஆசிரியர் குழுவிடம் கொடுங்க. அடுத்த இதழில் ஒட்டுவோம்.