மெட்டு மட்டும் போதாது, ஆர்.ஆர். தெரியணும்

இசையமைப்பாளராக வேண்டும் என்று கோடம்பாக்கம் வருகிறவர்கள் கையில் பத்து மெட்டாவது இருக்கும். மெட்டுக்கு இங்கே பஞ்சமில்லை. சின்ன பட்ஜெட் இயக்குநர் தேடுவது, ரிலீஸ் தேதிக்குள் முழுப் படத்துக்கும் ஆர்.ஆர். (ரீரெக்கார்டிங், அதாவது பின்னணி இசை) முடித்துக் கொடுக்கிற ஆளை. எனவே டெமோவில் பாட்டோடு நிறுத்தாமல், இரண்டு நிமிடக் காட்சி ஒன்றுக்குப் பின்னணி இசையும் போட்டு அனுப்புங்கள்.

உதாரணமாக, அப்பா மகளிடம் கல்யாணப் பத்திரிகையை நீட்டுகிறார், அவள் வாங்கவில்லை. புதியவர் பத்திரிகையைப் பார்த்ததுமே வயலினை அழவிடுவார். அனுபவசாலி, நீட்டிய கை கீழே இறங்கும்வரை சும்மா இருப்பார். பிறகு செல்லோவில் ஒரே ஒரு ஸ்வரம். அப்பா பேசத் தொடங்கியதும் அதையும் குறைத்துவிடுவார். செல்லோவும் ஆண்குரலும் ஏறக்குறைய ஒரே ஸ்தாயியில் உலவுபவை. இரண்டும் மோதினால் மிக்ஸிங்கில் வசனம்தான் ஜெயிக்கும், உங்கள் இசையைத்தான் இறக்குவார்கள்.

இன்னொன்று: விநாடிக்குப் படம் 24 ஃபிரேம், டிவி 25 ஃபிரேம். வேலை தொடங்கும் முன் எது என்று எடிட்டரிடம் கேட்டுவிடுங்கள். டைம்கோட் தெரிகிற வீடியோதான் வேண்டும் என்று அடம்பிடியுங்கள். நீங்கள் இசை முடித்த பிறகு எடிட்டர் பன்னிரண்டு ஃபிரேம் வெட்டினால், அதற்குப் பின்னால் வருவதெல்லாம் அரை விநாடி தள்ளிப்போகும். வெட்டாமல் இருக்க மாட்டார்.

நுழைய நல்ல வழி, பிஸியான ஒரு ஸ்டூடியோவில் புரோகிராமராகவோ உதவியாளராகவோ சேர்வது. இளையராஜா 'அன்னக்கிளி'க்கு (1976) முன் ஜி.கே.வெங்கடேஷிடம் உதவியாளர். ரஹ்மான் 'ரோஜா'வுக்கு (1992) முன் கீபோர்டு வாசித்தார், விளம்பர ஜிங்கிள் போட்டார். 'மின்னலே'வுக்கு (2001) முன் ஹாரிஸ் ஜெயராஜ் கீபோர்டு புரோகிராமர். கூடவே, குறும்படம் எடுக்கும் உங்கள் வயது இயக்குநர் ஒருவரோடு பழகிக்கொள்ளுங்கள். பெரிய இயக்குநர்களின் ஆபீஸ் வாசலில் காத்துக்கிடப்பதைவிட அது பலன் தரும்.

சீரியலில் டைட்டில் பாட்டும், சோகம், பதற்றம், வில்லி வருகை என்று ஒரு கட்டு பிட்டுகளும் கேட்பார்கள். தினமும் அவற்றையே மாற்றி மாற்றிப் போட்டுக்கொள்வார்கள். வேகம் கற்க நல்ல இடம். அங்கேயே தங்கிவிடக் கூடாது.

பணம். 'பேக்கேஜ்' என்று ஒரு மொத்தத் தொகை சொல்வார்கள். பாடகர், வாத்தியக்காரர், ஸ்டூடியோ வாடகை எல்லாம் அதிலிருந்துதான். எத்தனை லைவ் வாத்தியம், எத்தனை முறை திருத்தம் என்பதை எழுத்தில் வாங்குங்கள். தியேட்டரில் படத்தோடு ஒலிப்பதைத் தவிர, உங்கள் இசை வேறு வழியில் பயன்படும்போது வரும் ராயல்டியில் உங்களுக்குச் சமபங்கு உண்டு. 2012 காப்புரிமைச் சட்டத் திருத்தப்படி அதைத் தயாரிப்பாளருக்கு எழுதிக்கொடுக்கவே முடியாது. ராயல்டியை வசூலித்துத் தரும் ஐ.பி.ஆர்.எஸ். அமைப்பில் உறுப்பினராகி, படைப்புகளைப் பதிவு செய்யுங்கள்.

அட்வான்ஸ் கைக்கு வராமல் முதல் ரீலைத் தொடாதீர்கள்.