கடன் முடிந்ததா? பத்திரத்தைக் கேட்டு வாங்குங்கள்!

வீட்டுக் கடனின் கடைசித் தவணையைக் கட்டியதோடு வேலை முடிந்துவிடாது.

● முதலில் ‘நோ டியூஸ்’ (பாக்கி இல்லை) சான்றிதழை வங்கியிடம் வாங்குங்கள்.

● கடன் முழுவதும் அடைந்த 30 நாள்களுக்குள் வங்கி அசல் பத்திரங்களைத் தர வேண்டும். வங்கியால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. இது 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் உள்ள ரிசர்வ் வங்கி விதி.

● கடன் வாங்கும்போது கொடுத்த ஆவணப் பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு, தாய்ப் பத்திரம் உட்பட எல்லாவற்றையும் பக்கம் பக்கமாகப் புரட்டிப் பாருங்கள். அதன் பிறகே, பெற்றுக்கொண்டதாகக் கையெழுத்து!

● பத்திரம் தொலைந்திருந்தால், சான்றிட்ட நகல் வாங்கும் செலவு வங்கியுடையது. அதற்குக் கூடுதலாக 30 நாள் அவகாசம் உண்டு.

● தமிழ்நாட்டில் எம்.ஓ.டி. (கடனுக்காகப் பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்ததற்கான ஆவணம்) பதிவு செய்திருந்தால், சார்பதிவாளர் அலுவலகத்தில் ரசீது ஆவணம் பதிந்து அதை ரத்து செய்யுங்கள். பிறகு வில்லங்கச் சான்று போட்டு, அந்தப் பதிவு ஏறியிருக்கிறதா என்று பாருங்கள்.