சேட்டை இல்லை, சுகர்

ஸ்டீராய்டு போட்டிருக்கும் பூனை கட்டிலில் மூத்திரம் போனால், அதைச் சேட்டை என்று முடிவு கட்டுவதற்கு முன் ரத்தத்தில் சர்க்கரை எவ்வளவு என்று பாருங்கள். இதை யாராவது எனக்கு நேரத்தோடு சொல்லியிருந்தால் எங்கள் கடுவன் அந்தப் பாடு பட்டிருக்க மாட்டான்.

கிருஷ்ணன்கோவிலில், வத்திராயிருப்பு ரோட்டுப் பக்கம் எங்கள் வீடு. கடுவனுக்குக் கழுத்திலும் காதோரத்திலும் தீராத அரிப்பு, சொறிந்து சொறிந்து புண். தெள்ளுப்பூச்சிக் கடியால் வந்த அலர்ஜி. பக்கத்து டவுனில் ஒரு தனியார் கிளினிக்கில் ஊசி போட்டார்கள். சீக்கிரமே அரிப்பு நின்றது. என்ன மருந்து என்று கேட்டேன். "சொன்னா உங்களுக்குப் புரியாதும்மா" என்று பதில் வந்தது. சீட்டில் 'இன்ஜெக்‌ஷன்' என்று மட்டும் எழுதியிருந்தது. அரிப்பு திரும்பும்போதெல்லாம் அதே ஊசி.

அது மெத்தில்பிரெட்னிசலோன் அசிடேட் என்று பின்னால்தான் தெரிந்தது. ஒருமுறை போட்டால் வாரக்கணக்கில் உடம்புக்குள் கசிந்துகொண்டே இருக்கும் ஸ்டீராய்டு. பிரெட்னிசலோன் மாத்திரை என்றால் பாதியாக்கலாம், ஒருநாள் விட்டு ஒருநாள் கொடுக்கலாம், படிப்படியாகக் குறைத்து நிறுத்தலாம். உள்ளே போன ஊசியை யாராலும் வெளியே எடுக்க முடியாது. மாத்திரை விழுங்காத பூனைக்கு ஊசிதான் சௌகரியம் என்பார்கள். அந்தச் சௌகரியம் பூனைக்கு இல்லை.

பிறகு கடுவன் மாறிப்போனான். எந்நேரமும் பசி, கிண்ணம் கிண்ணமாகத் தண்ணீர், தொட்டால் சீறல். மண் தட்டை விட்டுவிட்டுப் பாயிலும் தலையணையிலும் மூத்திரம். பெருநகரத்து டாக்டர் ஒருவர் போனில் விசாரித்துவிட்டு, மனப்பதற்றம் என்று சொல்லி ஃபுளுவாக்ஸெடின் எழுதினார். அரிப்புக்கு ஊசி போட்டிருக்கிறோம் என்று நான் சொன்னேன். "அதுக்கும் இதுக்கும் சம்பந்தம் இல்லை" என்றார்.

சம்பந்தம் இருந்தது. ஸ்டீராய்டே தாகத்தையும் மூத்திரத்தையும் கூட்டும், எரிச்சலையும் தரும். சில பூனைகளுக்குச் சர்க்கரை நோயையே கொண்டுவந்துவிடும். தட்டு நனைந்து கிடந்தால் பூனை வேறு இடம் தேடத்தான் செய்யும். பிரெட்னிசலோனும் ஃபுளுவாக்ஸெடினும் ஒன்றுக்கொன்று பரம எதிரிகள் இல்லை. தேவைப்பட்டால் டாக்டர்கள் இரண்டையும் சேர்த்துக் கொடுப்பதுண்டு. ஆனால் ஒரு மருந்து செய்யும் வேலையை நோய் என்று நினைத்து அதன்மேல் இன்னொரு மருந்தை ஏற்றியதுதான் எங்களுக்கு வந்த கேடு. ஃபுளுவாக்ஸெடின் பசியை மட்டுப்படுத்தும். ஸ்டீராய்டில் கொழுத்த பூனை திடீரென்று சாப்பாட்டை நிறுத்தினால், சில நாட்களிலேயே கொழுப்பு ஈரலில் போய்ச் சேர்ந்து உயிருக்கு ஆபத்தாகிவிடும். சர்க்கரையும் ஏறியிருந்தால் ஆபத்து இரட்டிப்பு. கடுவன் சாப்பிடாமல் மூலையில் சுருண்டு கிடந்தபோது வீட்டில் எல்லோரும் என்ன சொன்னார்கள் தெரியுமா? "மருந்து வேலை செய்யுது, அடங்கிட்டான்." எனக்கு மட்டும் அது அடக்கமாகத் தெரியவில்லை.

ராஜபாளையம், சங்கரன்கோவில் வழியாகத் திருநெல்வேலி ராமையன்பட்டி கால்நடை மருத்துவக் கல்லூரிக்குக் கொண்டு போனேன். ரத்தம், மூத்திரம் பார்த்தார்கள், சர்க்கரை எகிறியிருந்தது. ஊசியை அடியோடு விட்டோம். ஃபுளுவாக்ஸெடினையும் டாக்டர் சொன்னபடி நிறுத்தினோம். தெள்ளுப்பூச்சிக்கு மாதாமாதம் சொட்டு மருந்து, கொஞ்ச காலம் இன்சுலின். ஸ்டீராய்டால் வந்த சர்க்கரை, அதை நிறுத்தியபின் பல பூனைகளுக்கு இறங்கிவிடும். கடுவனுக்கும் இறங்கியது. இப்போது இன்சுலின் இல்லை. பாயிலும் போவதில்லை.

"ஒரு பூனைக்கு இவ்வளவு செலவா, சாக்குல கட்டி மலையடிவாரத்துல விட்டுட்டு வா" என்ற சொந்தக்காரர்கள் இன்றும் வீட்டுக்கு வருகிறார்கள். அவர்கள் மடியில்தான் அவன் போய்ப் படுக்கிறான். செலவழித்ததில் எனக்கு ஒரு ரூபாய் வருத்தமும் கிடையாது.

இனி, உங்களுக்கு. எந்த ஊசி போட்டாலும் பெயர், அளவு, தேதி மூன்றையும் எழுதி வாங்காமல் கிளினிக்கை விட்டு நகராதீர்கள். புரியாது என்று சொன்னால், புரிகிற டாக்டரிடம் காட்டத்தான் என்று சொல்லுங்கள். மெடிக்கலில் கிடைக்கும் மனிதர்களின் ஃபுளுவாக்ஸெடின் கேப்சூல் பெரும்பாலும் 20 மில்லிகிராம். நாலு கிலோ பூனைக்கு 2 முதல் 4 மில்லிகிராம்தான் கணக்கு. கண்ணளவில் பிரித்துக் கொடுக்கும் சமாச்சாரம் இல்லை. அது பலன் காட்ட நாலு முதல் ஆறு வாரம் ஆகும், அவசரப்பட்டு அளவைக் கூட்டாதீர்கள். ஸ்டீராய்டு ஓடும்போது வலிக்கு மெலாக்ஸிகாம் சேர்த்தால் குடல் புண்ணாகலாம், சிறுநீரகமும் கெடலாம். ஃபுளுவாக்ஸெடினோடு டிரமடால் சேர்ந்தால் நடுக்கமும் காய்ச்சலும் வரலாம். பாராசிட்டமால் பூனைக்கு எந்நாளும் ஆகாது.

ராஜபாளையம் நாய் வளர்க்கும் வீடுகளுக்கு இன்னொன்று. உண்ணிக்காக நாய்க்குத் தடவும் அமிட்ராஸ் தண்ணீர் பூனைமேல் படவே கூடாது. அது சர்க்கரையை ஏற்றும், ஃபுளுவாக்ஸெடினோடும் மோதும். ஒரே திண்ணையில் நாயும் பூனையும் படுக்கிற வீட்டில் இதை யாரும் யோசிப்பதில்லை. மாத்திரையைப் பால்கோவாவில் பொதிந்து கொடுக்கச் சொல்வார்கள், கேட்காதீர்கள். பூனை நாக்குக்கு இனிப்பே தெரியாது, சர்க்கரை ஏறிய உடம்புக்கு அது கேடும்கூட. அவித்த மீன் துண்டு போதும்.

ஆண் பூனை முக்கி முக்கி உட்கார்ந்தும் சொட்டு மூத்திரம் வரவில்லை என்றால் அது அடைப்பு, அன்றைக்கே டாக்டரிடம் ஓடுங்கள். மற்றபடி, ஸ்டீராய்டில் இருக்கும் பூனை எவ்வளவு தண்ணீர் குடிக்கிறது என்று இன்றைக்கே அளந்து குறித்து வையுங்கள். மனசுக்கு மருந்து எழுதும் டாக்டரிடம் முதலில் அந்தக் குறிப்பைக் காட்டுங்கள்.