ராமன் என்பது குடும்பப் பெயரா?



சில ஆண்டுகளுக்கு முன் எங்கள் துறையில் முதுகலை இயற்பியல் முடித்த மாணவி ஒருத்தி, மேற்படிப்புக்காக வெளிநாட்டுப் பல்கலைக்கழகம் ஒன்றுக்கு விண்ணப்பித்தாள். விண்ணப்பத்தில் ‘முதற்பெயர்’ என்று ஒரு கட்டம். ‘குடும்பப் பெயர்’ என்று இன்னொரு கட்டம். இரண்டையும் நிரப்பினால்தான் கணிப்பொறி அடுத்த பக்கத்தைக் காட்டும். அவளுக்கு இருப்பதோ ஒரே ஒரு பெயர். அதற்கு முன்னால் தந்தை பெயரின் முதலெழுத்து. வேறு வழி தெரியாமல் இரண்டாவது கட்டத்தில் தந்தையின் பெயரை எழுதி அனுப்பினாள்.

இடம் கிடைத்தது. கடிதமும் வந்தது. ‘அன்புள்ள செல்வி’ என்பதை அடுத்து அவள் தந்தையின் பெயர் இருந்தது. அவர் இறந்து அப்போது ஆறு ஆண்டுகள் ஆகியிருந்தன. அவள் சிரித்துக்கொண்டேதான் அதை என்னிடம் கொண்டுவந்தாள். முதல் வரியைப் படித்துக் காட்டத் தொடங்கியவள் பாதியில் நிறுத்திவிட்டாள்.

வாக்கியத்துக்கு இலக்கணம் இருப்பது போலப் பெயருக்கும் இலக்கணம் உண்டு. ஒருவருடைய முழுப்பெயரில் எந்தப் பகுதி அவருக்கே உரியது, எது தந்தைக்கு உரியது, எது குலத்துக்கோ ஊருக்கோ உரியது என்பது நாட்டுக்கு நாடு மாறுகிறது. இதை அறிய வெகுதூரம் போக வேண்டாம். உங்கள் இயற்பியல் பாடநூலைத் திறந்தால் போதும்.

ராமன் விளைவைக் கண்டறிந்து 1930இல் நோபல் பரிசு பெற்றவர் சந்திரசேகர வெங்கட ராமன். விண்மீன்களின் இறுதிக் காலத்தை ஆராய்ந்து 1983இல் அதே பரிசைப் பெற்றவர் சுப்பிரமணியன் சந்திரசேகர். இவர் ராமனுடைய அண்ணன் மகன். வெளிநாட்டார் ஒருவர் நோபல் பட்டியலை எவ்வளவு நேரம் உற்றுப் பார்த்தாலும், ‘ராமன்’, ‘சந்திரசேகர்’ என்ற பெயர்களைக் கொண்டு இவர்கள் ஒரே குடும்பத்தினர் என்று ஊகிக்க முடியாது. நமக்கோ அது புதிரே அன்று. ராமனின் தந்தை சந்திரசேகர ஐயர். அவரும் என்னைப் போலக் கல்லூரியில் இயற்பியலும் கணிதமும் கற்பித்தவர் என்பதில் எனக்கு ஒரு தனி மகிழ்ச்சி! அவர் தம் மகனுக்கு இட்ட பெயர் வெங்கடராமன். அந்த ஒரே பெயர் பின்னால் ‘வெங்கட’, ‘ராமன்’ என இரண்டாகப் பிரிந்தது. கடைசித் துண்டு மேல்நாட்டார் கண்ணுக்குக் குடும்பப் பெயராகத் தோன்றிற்று. உண்மையில் அவர் பெயரின் தொடக்கத்தில் நிற்கும் ‘சந்திரசேகர’ என்பதே தந்தைக்கு உரியது.

அண்ணன் சுப்பிரமணியன் தம் மூத்த மகனுக்குத் தாத்தாவின் பெயரையே வைத்தார். ஆகவே சிற்றப்பாவின் பெயரில் முன்னால் நிற்கும் சந்திரசேகரரும், அண்ணன் மகனின் பெயரில் பின்னால் நிற்கும் சந்திரசேகரரும் ஒரே மனிதரைச் சுட்டுகிறார்கள். ‘பேரன்’ என்ற சொல்லே ‘பெயரன்’ என்பதிலிருந்து வந்தது. தாத்தாவின் பெயரைத் தாங்குபவன் என்பது பொருள். ‘பெயர்த்தி’ பேத்தி ஆனாள். பிறைநிலவைத் தலையில் சூடியவன், அதாவது சிவபெருமான், என்பது சந்திரசேகரன் என்ற பெயரின் பொருள். 1999ஆம் ஆண்டு விண்ணில் செலுத்தப்பட்ட எக்ஸ் கதிர்த் தொலைநோக்கிக்கு ‘சந்திரா’ என்று பெயரிட்டார்கள் அல்லவா? நண்பர்கள் அவரை அழைத்த சுருக்கப் பெயர் அது. தாத்தாவின் பெயரில் பாதி இப்போது பூமியைச் சுற்றி வருகிறது!

கணித மேதை ராமானுஜனுக்கும் இதே கதைதான். ‘சீனிவாச’ என்பது தந்தையின் பெயர். ஆனால் சத்தியேந்திர நாத் போஸ் விஷயம் வேறு. வங்காளத்தில் ‘போஸ்’ உண்மையாகவே குடும்பப் பெயர்தான். எனவே ‘போசான்’ என்ற துகளின் பெயரில் ஒரு குடும்பம் முழுவதும் இருக்கிறது. ராமன் விளைவிலோ ஒரு தனி மனிதர் மட்டுமே இருக்கிறார்.

நம் தலைப்பெழுத்து பின்னோக்கிப் பார்ப்பது. அப்துல் கலாமின் பெயருக்கு முன்னால் உள்ள மூன்று எழுத்துகள் அவுல், பக்கீர், ஜைனுலாப்தீன் ஆகியோரைக் குறிக்கின்றன. முறையே கொள்ளுத் தாத்தா, தாத்தா, தந்தை. முன்னோக்கிப் பார்க்கும் பெயர்களும் உலகில் உண்டு. பொருள்களிலிருந்து ஒளி கண்ணுக்கு வருவதால்தான் நாம் காண்கிறோம் என்று ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் விளக்கியவர் இப்னு அல் ஹைதம். அவருடைய பெயரை விரித்தால் ‘அபூ அலி அல் ஹசன் இப்னு அல் ஹசன் இப்னு அல் ஹைதம்’ என்று நீளும். ‘அபூ அலி’ என்றால் அலியின் தந்தை. ‘ஹசன்’தான் அவருடைய சொந்தப் பெயர். ‘இப்னு’ என்றால் மகன். மேலே தந்தை, நடுவில் தாம், கீழே மகன் என மூன்று தலைமுறையும் ஒரே பெயரில் அடங்கிவிடுகின்றன. வியப்படைய வேண்டாம். கணவர் பெயரைச் சொல்லாமல், ‘முருகனோட அப்பா’ என்று மகனின் பெயரால் அழைத்த நம் பாட்டிமார்கள் செய்ததும் அதுவே.

அரபுப் பெயர்களில் நாம் செய்யும் தவறு ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். 1979இல் நோபல் பரிசு பெற்ற அப்துஸ் சலாமைப் பலரும் ‘சலாம்’ என்றே குறிப்பிடுகிறோம். ‘அப்த்’ என்றால் அடியார். ‘அஸ்ஸலாம்’ என்பது இறைவனின் திருநாமங்களுள் ஒன்று. அமைதி என்பது பொருள். இரண்டும் சேர்ந்தால்தான் அது ஒரு மனிதரின் பெயர். ‘சிவதாசன்’ என்பதில் தாசனை வெட்டிவிட்டு ‘சிவன்’ என்று கூப்பிடுவது போன்றதுதான் இது.

சீனத்தில் முறை தலைகீழ். குலப்பெயர் முதலில் வரும். பீட்டாச் சிதைவில் வலமும் இடமும் ஒன்றல்ல என்று 1957இல் வெளியான சோதனையால் காட்டிய பெண் அறிவியலாளர் வூ சியென் ஷியுங். ‘வூ’ குலப்பெயர். ‘சியென்’ என்பதை அவருடன் பிறந்தவர்கள் எல்லாரும் பொதுவாகத் தாங்கினார்கள். அது அந்தத் தலைமுறையின் அடையாளம். ‘ஷியுங்’ மட்டுமே அவருக்கென்று இட்டது. வீரம் பொருந்தியவர் என்று பொருள். அமெரிக்காவில் மணம் புரிந்த பின்பும் அவர் வூ என்றே ஆய்வுக் கட்டுரைகளை வெளியிட்டார்.

போலந்தில் பிறந்த மேரி கியூரியைப் பற்றியும் இங்கே சொல்ல வேண்டும். அவருடைய தந்தை ஸ்க்லொடோவ்ஸ்கி, மகளோ ஸ்க்லொடோவ்ஸ்கா. குடும்பப் பெயரின் ஈறுகூட அந்த மொழியில் ஆண்பால், பெண்பால் காட்டும். திருமணத்துக்குப் பிறகும் அவர் அந்தப் பெயரைக் கைவிடாமல் கியூரியோடு சேர்த்துக் கையெழுத்திட்டார். நம் ஊரில் திருமணமானதும் பெண்ணின் தலைப்பெழுத்தை மாற்றிவிடும் வழக்கம் பரவலாக இருக்கிறது. அதற்கு முன் வந்த சான்றிதழ்களும் கட்டுரைகளும் வேறொருத்தியுடையவை போல் ஆகிவிடும். இது எனக்கு உடன்பாடான வழக்கம் அன்று.

மேற்கு ஆப்பிரிக்காவின் கானா நாட்டில் வாழும் அக்கான் மக்களின் முறை உங்களுக்கு மிகவும் பிடிக்கும். குழந்தை எந்தக் கிழமையில் பிறந்ததோ அதுவே அதன் பெயர்களில் ஒன்று. ஐக்கிய நாடுகள் சபையின் பொதுச் செயலாளராக இருந்த கோஃபி அன்னானின் பெயரில் ‘கோஃபி’ என்றால் வெள்ளிக்கிழமை பிறந்த ஆண். அவருடன் இரட்டையராகப் பிறந்த சகோதரியின் பெயர் எஃபுவா; வெள்ளிக்கிழமை பிறந்த பெண். சரியா என்று நாமே சோதிக்கலாம். அவர் பிறந்தது 1938 ஏப்ரல் 8. நாடு விடுதலை பெற்ற 1947 ஆகஸ்டு 15 வெள்ளிக்கிழமை என்பது நமக்குத் தெரியும். இடையே ஒன்பது ஆண்டுகள்: 9 × 365 = 3285 நாள். 1940, 1944 இரண்டும் லீப் ஆண்டுகள், எனவே 3287. ஏப்ரல் 8 முதல் ஆகஸ்டு 15 வரை மேலும் 129 நாள். மொத்தம் 3416. இதை 7ஆல் வகுத்துப் பாருங்கள். ஈவு 488, மீதி இல்லை! எனவே அதுவும் வெள்ளிக்கிழமைதான்.

குடும்பப் பெயர் இல்லாமல் வாழ்வது நாம் மட்டுமோ என்றால், அதுவும் இல்லை. ஐரோப்பாவிலேயே ஐஸ்லாந்து மக்களில் பெரும்பாலோருக்குக் குடும்பப் பெயர் கிடையாது. 1980இல் அந்நாட்டின் குடியரசுத் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்ட அம்மையார் விக்டிஸ் ஃபின்போகாடோட்டிர். ஃபின்போகியின் மகள் என்பதே பின்பாதியின் பொருள். அவருக்குச் சகோதரர் இருந்தால் அவர் ஃபின்போகாசன், அதாவது மகன். அண்ணனுக்கும் தங்கைக்கும் கடைசிப் பெயர் வேறு! அங்கே நாட்டுத் தலைவரையும் சொந்தப் பெயரால்தான் அழைப்பார்கள்.

உங்களுள் பலர் இன்னும் ஓரிரு ஆண்டில் பத்தாம் வகுப்புத் தேர்வு எழுதுவீர்கள். சான்றிதழில் அச்சாகும் பெயரும் எழுத்துக்கூட்டலும்தான் பிறகு கல்லூரிக்கும் கடவுச்சீட்டுக்கும் போகும். பள்ளியில் பெயர்ப்பட்டியலைச் சரிபார்க்கத் தரும் அன்று விளையாட்டாகக் கையெழுத்துப் போட்டுவிடாதீர்கள். ஓர் எழுத்து பிசகினாலும் பின்னால் அலைச்சல்தான். ஆராய்ச்சிக்குப் போகிறவர்களுக்கு 2012 முதல் ‘ஆர்சிட்’ என்ற 16 இலக்க எண் இலவசமாகக் கிடைக்கிறது. பெயர் எப்படிச் சிதைந்தாலும் கட்டுரைகள் அந்த எண்ணின்கீழ்ச் சேர்ந்திருக்கும்.

அந்த மாணவி அதை முதல் வாரமே பெற்றுக்கொண்டாள். அவள் ஆய்வகக் கதவில் இன்றும் தந்தையின் பெயர்தான் இருக்கிறது. மாற்றித் தருகிறோம் என்றார்களாம். இருக்கட்டும் என்று சொல்லிவிட்டாளாம்.