தேன் பாட்டிலில் டயஸ்டேஸ் தேடுகிறவர்களுக்கு

கோடை விடுமுறை வந்துவிட்டால் ஜமுனாமரத்தூர்ச் சாலையில் கார்கள் வரிசை கட்டும். பீமன் மடுவு அருவியில் நனைந்து, ஏரியில் படகு விட்டு, காவலூர்த் தொலைநோக்கிக் கூடத்தை எட்டிப் பார்த்துவிட்டு இறங்குகிறவர்கள் சாமையும் தேனும் வாங்காமல் போவதில்லை. வாங்கட்டும், அது மலைக்கு நல்லது. ஆனால் சமீப காலமாக இந்த வியாபாரத்துக்கு நடுவே ஒரு கேள்வி புகுந்துகொண்டிருக்கிறது. சாலையோரம் பாட்டில்களை அடுக்கி வைத்திருந்த ஒரு மலையாளிப் பெண்மணியிடம் (ஜவ்வாது மலையில் மலையாளி என்றால் மலைவாழ் மக்கள், கேரளத்தவரென்று குழம்ப வேண்டாம்) காரிலிருந்து இறங்கிய ஒருவர் கேட்டார்: "ஏம்மா, இதுல என்சைம் இருக்கா? டயஸ்டேஸ் எவ்வளவு? ரிப்போர்ட் இருக்கா?" அந்தம்மா விழித்தார். "அப்ப இது ஒரிஜினல் இல்ல" என்று தீர்ப்பு எழுதிவிட்டு அவர் காரில் ஏறிப் போய்விட்டார்.

அந்தம்மா என் பக்கம் திரும்பிக் கேட்டதுதான் என்னை இதை எழுத வைத்தது. "டயஸ்டேசுன்னா என்னா சார்? நாங்க இதுல ஒண்ணும் கலக்கலியே!"

முப்பது ஆண்டுகள் கல்லூரியில் நொதிகளைப் பற்றிப் பாடம் நடத்தியவன் நான். என் பாடப்புத்தகத்துச் சொல் ஒன்று, கைப்பேசி வீடியோக்களின் வழியாக மலையேறி வந்து, மரமேறித் தேன் எடுக்கிற குடும்பத்தைத் திருடர்களாக நிறுத்துகிறது. இதைப் பார்த்துக்கொண்டு சும்மா இருக்க முடியவில்லை. பரவியிருக்கும் நம்பிக்கை இதுதான்: "டயஸ்டேஸ் இருந்தால் அசல் தேன், இல்லாவிட்டால் போலி. எண் கூடக் கூட மருந்துக் குணமும் கூடும்." இதில் ஒரு வாக்கியம்கூட நிற்காது.

முதலில் சொல்லைப் பார்ப்போம். 1833-இல் பாரிஸில் ஆன்செல்ம் பேயன், ஜான் பிரான்சுவா பெர்சோ என்ற இரண்டு வேதியியலாளர்கள் முளைகட்டிய பார்லியை ஊறவைத்து, அந்தச் சாற்றில் ஆல்கஹாலைச் சேர்த்து, அடியில் படிந்த ஒரு வெள்ளைப் பொருளைப் பிரித்தெடுத்தார்கள். அதில் துளி போட்டாலே கெட்டியான மாவுக்கூழ் நீர்த்துச் சர்க்கரையாகியது. பிரிப்பது என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து அதற்கு டயஸ்டேஸ் என்று பெயர் வைத்தார்கள். மனிதன் பிரித்தெடுத்துப் பெயர் சூட்டிய முதல் நொதி அதுதான். பிரெஞ்சு மொழியில் வெகுகாலம் எல்லா நொதிக்குமே டயஸ்டேஸ்தான் பொதுப்பெயர். பின்னால் எமில் டுக்லோ அந்தப் பெயரின் வாலை மட்டும் எடுத்து எல்லா நொதிக்கும் ஒட்டலாம் என்றார். லைபேஸ், லாக்டேஸ், புரோட்டியேஸ் என்று இன்று நாம் சொல்லும் பெயர்களில் எல்லாம் தொங்குவது அந்த வால்தான். டயஸ்டேஸ் மட்டும் பாடப்புத்தகத்தில் அமைலேஸ் ஆகிவிட்டது. பழைய பெயர் தேன் ஆய்வுக்கூடத்திலும் செரிமான டானிக் பாட்டிலிலும் தங்கிப்போனது. ஆக, அந்தம்மா பயந்தது போல் அது கலக்கிற பொருளும் இல்லை. காரில் வந்தவர் நினைத்தது போல் மந்திரமும் இல்லை. மாவுச்சத்தை உடைக்கிற ஒரு புரதம், அவ்வளவுதான்.

"உயிருள்ள என்சைம்" என்று வீடியோவில் சொல்கிறார்களே, அதுவும் தவறு. தமிழில் நொதித்தல் என்ற வினையிலிருந்து நொதி வந்தது. இலங்கைத் தமிழர் நொதியம் என்பார்கள். ஜெர்மனியின் வில்ஹெல்ம் கூனே 1870-களில் என்சைம் என்ற பெயரை உண்டாக்கியபோது அவர் மனத்தில் இருந்ததும் ஈஸ்ட்தான். புளிப்பது உயிரின் வேலை என்று அன்று பலரும் நம்பினார்கள். 1897-இல் எடுவார்ட் புக்னர் ஈஸ்டை மணலோடு அரைத்து, உயிரணு ஒன்றுமில்லாத சாற்றைப் பிழிந்து, அந்தச் சாறே சர்க்கரையை நொதிக்க வைப்பதைக் காட்டினார். அதற்காக 1907-இல் நோபல் பரிசும் பெற்றார். விவாதம் முடிந்து நூறாண்டுக்கு மேலாகிவிட்டது. உயிரில்லாத ஒன்று சாகவும் முடியாது. சூட்டில் அதன் மடிப்பு குலைகிறது, முட்டை வெள்ளை வெந்து இறுகுவது போல.

இப்போது முக்கியமான இடத்துக்கு வருகிறேன். தேனில் இந்த நொதி எங்கிருந்து வருகிறது? பெரும்பாலும் தேனீயின் தலையிலுள்ள சுரப்பிகளிலிருந்து. பூவிலிருந்து வருவது என்ற நினைப்புதான் எல்லாக் குழப்பத்துக்கும் வேர். பெட்டித் தேனீக்குச் சர்க்கரைப் பாகு வைத்தாலும் அது பாகை உறிஞ்சி, தன் சுரப்பையும் கலந்துதான் அடையில் நிரப்பும். அந்தத் தேனிலும் டயஸ்டேஸ் இருக்கும். அது போதாதென்றால் பூஞ்சையிலிருந்து எடுத்த அமைலேஸ் தொழிற்சாலையில் மூட்டை கணக்கில் கிடைக்கிறது. ஏமாற்ற நினைக்கிறவன் கலந்துகொள்வான். வெளியிலிருந்து சேர்த்த அமைலேஸைக் கண்டுபிடிக்க ஆய்வுக்கூடங்கள் தனிச் சோதனை வைத்திருப்பது எதற்காக என்று நினைக்கிறீர்கள்?

2020 டிசம்பரில் டெல்லியின் அறிவியல் மற்றும் சுற்றுச்சூழல் மையம் வெளியிட்ட முடிவுகள் நினைவிருக்கும். 13 பிராண்டுகளின் 22 மாதிரிகளில் எல்லாச் சோதனைகளையும் தாண்டியவை 5 மட்டுமே. தேறாதவற்றில் பெரிய பெயர்களில் பெரும்பாலானவை வழக்கமான இந்தியச் சோதனைகளில் தேறி, என்.எம்.ஆர் என்ற நுட்பமான சோதனையில் விழுந்தவை. சோதனையைத் தாண்டவென்றே தயாரித்த பாகை அந்த மையத்தினரே தேனில் 25 சதவீதமும் 50 சதவீதமும் கலந்து அனுப்பிப் பார்த்தார்கள்; அதுவும் தேறியது. கரும்பு, மக்காச்சோளப் பாகு என்றால் கார்பன் கணக்கில் பிடித்துவிடலாம். அரிசிப் பாகு அந்தக் கண்ணுக்குத் தப்பும். இவ்வளவு சாமர்த்தியமான திருட்டை டயஸ்டேஸ் என்ற ஒற்றை எண் பிடித்துவிடும் என்று நம்புவது குழந்தைத்தனம்.

அப்படியானால் அந்த எண் எதற்கு? அது சூட்டையும் காலத்தையும் குறித்து வைக்கிற கணக்கு. ஒரு கிராம் தேனிலுள்ள நொதி, 40 டிகிரி சூட்டில், ஒரு மணி நேரத்தில், ஒரு சதவீத மாவுக் கரைசலில் எத்தனை மில்லியை உடைக்கிறது? அதுதான் டயஸ்டேஸ் எண். அயோடின் விட்டால் மாவு நீலமாகும். நொதி வேலை செய்யச் செய்ய நீலம் வெளுக்கும். நம் உணவுப் பாதுகாப்பு ஆணையம் கேட்கும் குறைந்த அளவு 3. உலக அளவிலான கோடெக்ஸ் பொதுவாக 8 கேட்கிறது. இயல்பிலேயே நொதி குறைந்த தேன்களுக்கு அதுவும் 3-க்கு இறங்கி வருகிறது. ஆரஞ்சு, எலுமிச்சைப் பூந்தேனில் எண் குறைவு. கொட்டாத கொசுத்தேனீயின் தேனிலும் பல நேரம் அப்படித்தான். அந்தத் தேனையெல்லாம் போலி என்பீர்களா?

1964-இல் அமெரிக்காவில் ஜொனாதன் வைட்டும் அவருடைய கூட்டாளிகளும் வெளியிட்ட அளவுகளை நான் வகுப்பில் கரும்பலகையில் எழுதிப் போடுவேன். 20 டிகிரியில் வைத்த தேனில் டயஸ்டேஸ் பாதியாகக் குறைய ஏறத்தாழ 1,480 நாள், அதாவது நான்கு ஆண்டு. 30 டிகிரியில் 200 நாள். 40 டிகிரியில் 31 நாள். 50 டிகிரியில் ஐந்தரை நாளுக்கும் குறைவு. 80 டிகிரியில் ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூட. இப்போது கணக்குப் போடுங்கள். எண் 16 உள்ள அருமையான தேனை 40 டிகிரியில் வைத்தால் முதல் மாதம் 8, இரண்டாம் மாதம் 4, மூன்றாம் மாதம் 2. மூன்றே மாதத்தில் சட்டத்தின் கோட்டுக்குக் கீழே போய்விட்டது. அதில் ஒரு சொட்டுப் பாகு கலக்கவில்லை, கெட்டும் போகவில்லை. வேலூர் வெயிலில் பகலெல்லாம் நிறுத்திய காருக்குள் என்ன சூடு என்று ஏறி உட்கார்ந்தவர்களுக்குத் தெரியும். மலையில் ரிப்போர்ட் கேட்டவர், வாங்கிய பாட்டிலைப் பின் கண்ணாடிக்கு அடியில் வைத்துக்கொண்டு ஊர் போய்ச் சேர்வார். அந்த எண்ணைக் குறைப்பவர் யார்?

அந்த நம்பிக்கையில் மருந்துக் குணம் பற்றிய பாதிக்கும் ஒரு சின்னக் கணக்கு போதும். எண் 10 என்றால் ஒரு கிராம் தேன் மணிக்கு 0.1 கிராம் மாவை உடைக்கும். ஒரு தேக்கரண்டித் தேன் 7 கிராம், ஆக 0.7 கிராம். உங்கள் தட்டில் 300 கிராம் சோறு இருந்தால் அதில் மாவுச்சத்து சுமார் 80 கிராம். அந்த வேகத்தில் ஒரு வேளைச் சோற்றை முடிக்க 110 மணி நேரத்துக்கு மேல் ஆகும். இரைப்பையின் அமிலம் அந்த நொதியை அவ்வளவு நேரம் விட்டும் வைக்காது. உங்கள் எச்சிலும் கணையமும் இதே நொதியைத் தாராளமாகச் சுரக்கின்றன. சோற்றை நன்றாக மென்று தின்னுங்கள். செரிமான டானிக்கில் போட்டிருக்கிறதே என்பார்கள். அது பூஞ்சையிலிருந்து எடுத்தது. ஜப்பானில் சாக்கே காய்ச்சப் பயன்படும் பூஞ்சையிலிருந்து ஜோகிச்சி டகாமினே எடுத்து 1894-இல் அமெரிக்காவில் காப்புரிமை பெற்ற சரக்கின் வழித்தோன்றல். தேனுக்கும் அதற்கும் உறவில்லை.

மற்றவற்றைச் சீக்கிரம் முடித்துவிடுகிறேன். சூடான பாலில் தேன் விட்டால் விஷம் என்பது பொய். சூட்டில் எச்.எம்.எஃப் என்ற பொருள் கூடுவது உண்மைதான்; வறுத்த காப்பிக்கொட்டையில் அது தேனுக்கு அனுமதித்த அளவைவிடப் பல மடங்கு இருக்கிறது. உறைந்த தேன் சர்க்கரை கலந்தது என்பதும் பொய். குளூக்கோஸ் கூடுதலாக உள்ள நல்ல தேன் உறையத்தான் செய்யும். தண்ணீரில் விட்டால் அடியில் உட்காருவது, தாளில் ஊறாதது, தீக்குச்சி எரிவது எல்லாம் தேன் கெட்டியாக இருக்கிறது என்று மட்டும் சொல்லும்; கெட்டியான பாகும் அதையே செய்யும். எறும்பு மொய்க்காவிட்டால் அசல் என்பதும் அப்படித்தான்; எறும்புக்கு ஆய்வுக்கூட வேலை தெரியாது. நுரைத்துப் பொங்கும் தேன் உயிருள்ள தேன் என்று கூடுதல் விலை கொடுக்கிறார்களே, அது ஈரம் 20 சதவீதத்தைத் தாண்டி ஈஸ்ட் புகுந்த தேன். அங்கே நடப்பதுதான் நிஜமான நொதித்தல்.

ஒன்றை மட்டும் அப்படி வேகமாகக் கடக்கமாட்டேன். பிறந்த குழந்தைக்குச் சேனை வைக்கிறோம் என்று நாக்கில் தேன் தொட்டு வைக்காதீர்கள். ஒரு வயது முடியும்வரை தேனே கூடாது. தேனில் பாட்டுலிசம் கிருமியின் வித்துகள் இருக்கக்கூடும். பெரியவர் குடலில் அவை முளைப்பதில்லை. பச்சைக் குழந்தையின் குடலில் முளைத்து நரம்பை முடக்கும் நஞ்சைச் சுரக்கும். "அசல் மலைத்தேன், என்சைம் இருக்கு, கிருமியைக் கொன்னுடும்" என்று ஒரு பாட்டி என்னிடமே வாதாடினார். எந்த நொதியும் அந்த வித்தைக் கொல்லாது. காட்டுத் தேனா கடைத் தேனா என்பது இங்கே பேச்சே இல்லை.

குழந்தைக்கு டயஸ்டேஸின் பலன் வேண்டுமென்றால் வழி வேறு, அது நம் அடுப்படியிலேயே இருக்கிறது. பேயன் பார்லியில் கண்டது முளைகட்டிய கேழ்வரகிலும் இருக்கிறது. ஆறு மாதம் முடிந்த குழந்தைக்குக் கூழ் கெட்டியாக இருந்தால் விழுங்காது. தண்ணீர் ஊற்றி நீர்க்க வைத்தால் வயிறு நிரம்பும், சத்து சேராது. கேழ்வரகை முளைகட்டி, காய வைத்து அரைத்த மாவில் ஒரு சிட்டிகை எடுத்து, அடுப்பிலிருந்து இறக்கிச் சற்றே சூடு தணிந்த கெட்டிக் கூழில் கலக்குங்கள். சில நிமிடத்தில் கூழ் தளர்ந்து ஓடும். சத்து அப்படியே இருக்கும், பிசுபிசுப்பு மட்டும் போயிருக்கும். பிறகு ஒரு கொதி விட்டு ஆற வைத்துக் கொடுக்கலாம். கேழ்வரகும் சாமையும் விளைகிற இந்த மலையில் ஒவ்வொரு அங்கன்வாடியிலும் ஒரு டப்பா முளைமாவு இருக்க வேண்டும் என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறேன். சொல்வதை நிறுத்தப் போவதில்லை.

தேன் வாங்குகிறவர்கள் கேட்க வேண்டிய கேள்விகள் மூன்று. எந்த மாதம் எடுத்தது? எந்தத் தேனீ: பாறையில் கட்டும் பெருந்தேனீயா, பொந்துத் தேனா, கொம்புத் தேனா? எடுத்ததிலிருந்து எங்கே வைத்திருந்தீர்கள்? எடுத்தவரிடம் கேட்டால் பதில் தடையில்லாமல் வரும். வாங்கி விற்கிறவர் தடுமாறுவார். அன்று அந்தம்மாவிடம் நான் இதைத்தான் கேட்டேன். புங்கம்பூ முடிந்த கையோடு எடுத்தது, வீட்டுக்காரரும் மச்சானும் ராத்திரியில் போனார்கள், மூடாத அடையைத் தொடவில்லை என்று நிறுத்தாமல் சொன்னார். டயஸ்டேஸ் என்றால் ஈ தன் வாயிலிருந்து போடுவது, வெயிலில் வைத்தால் குறையும் என்று நான் சொல்லி முடிப்பதற்குள் அவர் பாட்டில்களை ஒவ்வொன்றாக எடுத்துப் பின்னாலிருந்த புளியமரத்து நிழலில் வைக்க ஆரம்பித்துவிட்டார். "இதை அவுரு கேட்டப்பவே சொல்லியிருக்கலாமே சார்" என்றார்.