வண்ணமீன் குஞ்சுகளின் நோய்களும் வைத்தியமும்

மளிகையோடு நாலு கண்ணாடித் தொட்டி வைத்து வண்ணமீன் விற்பவர்களும் நம்மிடையே உண்டு. சென்னை கொளத்தூர் போன்ற இடங்களிலிருந்து பாலிதீன் பையில் வரும் குஞ்சுகள் நோயில் செத்தால் முதல் போகிறது. நோய்க்குஞ்சை விற்றால் வாடிக்கையும் போகிறது. நோயை முதல் நாளே கண்டுகொள்வதே நமக்குப் பாதுகாப்பு.

காலையில் தீனி போடும்போது இரண்டு நிமிடம் கவனிக்க வேண்டும். நல்ல குஞ்சு துடுப்பை விரித்துத் தீனிக்கு ஓடிவரும். துடுப்பை மடக்கி மூலையில் ஒதுங்குவதும், கல்லில் உடம்பை உரசுவதும் நோயின் அறிகுறிகள்.

மூச்சுத் திணறல்: எல்லாக் குஞ்சுகளும் ஒருசேர மேலே வந்து வாயைத் திறந்தால் பெரும்பாலும் தண்ணீர்தான் கெட்டிருக்கும். மிஞ்சிய தீனியும் கழிவும் அம்மோனியாவாகிச் செவுளைத் தாக்கும். மருந்து வேண்டாம். ஒரு நாள் திறந்து வைத்துக் குளோரின் போன தண்ணீரால் மூன்றில் ஒரு பங்கை மாற்றி, ஏர் பம்பை ஓட்டி, தீனியைக் குறைக்க வேண்டும்.

வெண்புள்ளி நோய்: உடம்பிலும் துடுப்பிலும் ரவை தூவியதுபோல் புள்ளிகள் தெரியும். இது ஒட்டுண்ணி. தோலுக்குள் இருக்கும்வரை மருந்து அதை எட்டாது. உதிர்ந்து அடியில் விழுந்து, நூற்றுக்கணக்காகப் பிரிந்து, அடுத்த மீனைத் தேடி நீந்தும்போதுதான் சாகும். ஆகவே ஒரு மீனில் கண்டாலும் தொட்டி முழுவதற்கும் வைத்தியம் செய்ய வேண்டும். புள்ளி மறைந்த அன்றே நிறுத்திவிடக் கூடாது. 10 நாள் தொடர வேண்டும்.

இதற்கு முதல் மருந்து நம் கடையிலேயே இருக்கிறது: அயோடின் சேர்க்காத கல் உப்பு. லிட்டருக்கு 1 கிராம், அதாவது 50 லிட்டர் தொட்டிக்கு 50 கிராம். தனியே கரைத்துச் சிறிது சிறிதாக ஊற்ற வேண்டும். மறுநாள் இன்னொரு 50 கிராம் சேர்க்கலாம். ஹீட்டர் வைத்துச் சூட்டை 28 முதல் 30 டிகிரிவரை மெதுவாக ஏற்றினால் ஒட்டுண்ணி விரைவில் உதிரும். தண்ணீர் மாற்றும்போது மாற்றிய அளவுக்கு மட்டுமே உப்பு சேர்க்க வேண்டும். கெளுத்தி இனக் குஞ்சுகளுக்குப் பாதி அளவு போதும்.

பஞ்சு நோய்: வாயோரம் பஞ்சு ஒட்டியதுபோலவும் முதுகில் வெளிறிய திட்டாகவும் தெரிந்தால், அது பூஞ்சைபோல் தோன்றினாலும் பாக்டீரியாவாக இருக்கலாம். சூடு கூடினால் இது வேகமாகப் பரவும். இங்கே ஹீட்டர் கூடாது. நோயுற்றவற்றைத் தனியே பிரித்துக் கால்நடை மருத்துவரையோ மீன்வளத் துறையினரையோ கேட்க வேண்டும். மனிதருக்கான மாத்திரையைப் பிரித்துத் தொட்டியில் கொட்டுவது வேண்டாம்.

வைத்தியத்தைவிட வருமுன் காப்பது மலிவு. புதிய சரக்கைப் பழைய தொட்டியில் சேர்க்காமல், தனித் தொட்டியில், தனி வலையோடு 10 நாளாவது வைத்துப் பார்த்து விற்போம். நோய்த்தொட்டியிலிருந்து ஒரு குஞ்சுகூட வாடிக்கையாளர் கைக்குப் போக வேண்டாம். அதில் வரும் பத்து ரூபாய் நமக்கு லாபமாகாது.